மாப்பிள்ளை கேட்ட சீதனம்

பெண்பிள்ளைகள் நாங்கள் ஆடும் கலியாண விளையாட்டில் என்னை ஒருநாளும் பெண்ணாக இருத்த மாட்டார்கள். பெண்ணென்றால் கண்ணை மூடி, வாயைத் திறக்காமல் குந்தியிருக்க வேண்டும். எனக்கு இரண்டும் வராது. அதனால் நான்தான் எப்போதும் மாப்பிள்ளை.

என் அண்ணன் காக்காவின் சாறனை நெஞ்சுவரை ஏற்றிக் கட்டி, அவருடைய தொப்பியையும் போட்டுக்கொள்வேன். அது காதுவரை இறங்கும். ஆனாலும் நடையே மாறிவிடும். மற்ற நேரத்தில் சற்று உரத்துப் பேசினால், "சத்தத்தக் குறை புள்ள" என்று உம்மா அடுக்களையிலிருந்து அதட்டுவார். சாறன் கட்டியிருக்கும்போது எவரும் அப்படி அதட்டியதில்லை. அந்த மாப்பிள்ளையை எனக்கு மிகவும் பிடித்திருந்தது. அவன் வெறும் வேஷம் என்று நான் நினைக்கவேயில்லை.

ஐம்பதுகளில், ஒரு ஹஜ்ஜுப் பெருநாள் லீவில், மாமியின் மகள், என் மச்சி, பெண்ணாக இருந்தாள். கல்முனைக்குடியில் எங்கள் வீட்டுக்கு அடுத்த ஒழுங்கையில் அவர்கள் வீடு. என் வயதுதான், வகுப்பில் ஒரே வாங்கில் அருகருகே இருந்தோம். வயதுக்கு வந்துவிட்டாள் என்று முந்திய மாதம் அவளைப் பள்ளிக்கூடத்திலிருந்து நிறுத்தியிருந்தார்கள்.

"அவ இல்லாம நீ தனியப் போக ஏலாது. நீயும் இந்த லீவோட நிண்டுக்க" என்று உம்மா என்னிடமும் சொல்லியிருந்தார். இரண்டு நாள் அழுது பார்த்தேன். யாரும் கண்டுகொள்ளவில்லை.

அன்று பின்னேரம் உம்மாவும் மாமியும் முற்றத்து நிழலில் அரிசி புடைத்துக்கொண்டு எங்கள் கூத்தைப் பார்த்திருந்தார்கள். பக்கத்து வீட்டுச் சின்னவள்தான் பெண்ணின் உம்மா. இடுப்பில் கை வைத்துக்கொண்டு என்னிடம் கேட்டாள்:

"மாப்பிள்ளைக்கு என்ன வேணும்? ஊடு தாறம். சம்மாந்துறையில வயல் தாறம்."

முந்தின தடவை நான் இறக்காமத்துக் காட்டு யானை ஒன்று கேட்டு எல்லோரையும் சிரிக்க வைத்திருந்தேன். இந்தத் தடவையும் ஏதோ கோமாளித்தனம் வரப்போகிறது என்று காத்திருந்தார்கள்.

"ஊடும் வேணா, வயலும் வேணா" என்றேன், தொண்டையைக் கனைத்துக்கொண்டு. "பொண்ணப் பள்ளிக்கூடம் அனுப்பணும். அனுப்பினாத்தான் நான் கலியாணம் முடிப்பன்."

மாமி விழுந்து விழுந்து சிரித்தார். "இந்த மாப்பிள்ளைக்கு விசர்!"

பெண் கண்ணைத் திறந்துவிட்டாள். கண் நிறைய நீர். "ஓம், நான் போறன்" என்று எனக்கு மட்டும் கேட்கும்படி சொன்னாள். உம்மா சிரிக்கவில்லை. சுளகை மடியில் வைத்துவிட்டு என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.

லீவு முடிந்த அன்று காலையில் உம்மா எனக்குத் தலை பின்னிவிட்டார். "பக்கத்து ஊட்டுப் புள்ளைகளோட போ. வாப்பாட்ட நான் கதைச்சிட்டன்."

"மச்சி?"

"அது மாமிட ஊட்டுக் காரியம், மகள். நான் கேட்டுப் பார்த்தன். மாமா ஒத்துக்கல்ல."

உம்மாவின் மேல் கோபம் வந்தது. ஆனாலும் புத்தகங்களை எடுத்துக்கொண்டு கிளம்பினேன். வேண்டாமென்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை, அதுதான் உண்மை.

மாமி வீட்டைக் கடக்கும்போது கிடுகு வேலிக்கு மேலால் அவள் முகம் தெரிந்தது.

"என்ன மாப்பிள்ள, என்னய உட்டுட்டா போறீங்க?"

சிரித்துக்கொண்டுதான் கேட்டாள். பள்ளிக்கூட வாசல் வரும்வரை நான் அழுதுகொண்டே நடந்தேன்.