ரென்சோ ரென்சோவை நீக்கிய நாள்

1. இஞ்சிக் கிடங்கு

கொச்சி மட்டாஞ்சேரியில் ஓர் இஞ்சிக் கிடங்கு. காலையிலிருந்து ஒரே ஷாட். ஊரோடு கலந்துபோன வெள்ளைக்கார வியாபாரி ஒருவர், சாகும் நேரத்தில் மகனிடம் நான்கு வரி பேச வேண்டும். அந்த வேஷத்தில் முதலில் எடுக்கும் காட்சியே இதுதான்; வேஷம் போட்ட ரென்சோ இரண்டாவது வரியோடு நின்றுவிடுவார். வாய் திறந்தபடி இருக்கும், வசனம் வராது. பக்கத்தில் ஆள் நிறுத்தி ப்ராம்ட் செய்தும் பலனில்லை. மூன்று நாளாக இதே கதை.

கிடங்கு முதலாளி ஹாஜியார் என்னைத் தனியே கூப்பிட்டார். "அப்பாஸே, நாளை கழிஞ்சா லோடு வருது. இவரு பேசி முடிக்கிற வரைக்கும் இஞ்சிய நான் எங்கெ கொண்டு வெக்க?"

நான் அந்தப் படத்தின் லொக்கேஷன் மேனேஜர். பதில் சொல்ல வேண்டியவன் நான்தான். டைரக்டர் ஜூடிடம் போனேன். அவன் தலை நிமிரவில்லை.

"எனக்குப் படம் தந்ததே அவருதான், அப்பாஸ் இக்கா. 'உங்களால முடியல'ன்னு நான் போய் எப்படிச் சொல்றது?"

ரென்சோ அந்தப் படத்தின் நடிகர் மட்டுமல்ல. தயாரிப்பாளரும் அவர்தான்.

2. சாயா இடைவேளை

எண்பதைத் தாண்டிய இத்தாலிக்காரர். யுத்தம் முடிந்த வறுமையில், சாப்பாடு கிடைக்கும் என்று ஸ்டுடியோ வாசலில் போய் நின்றவர். ரோமானியச் சிப்பாயாகக் குதிரையிலிருந்து விழுந்தார். கௌபாய் படங்களில் அமெரிக்கப் பெயர் வைத்துக்கொண்டு சுடப்பட்டுச் செத்தார். கொஞ்சகாலம் கதாநாயகனுக்கு நண்பர். வாய்ப்பு குறைந்ததும் பேய்ப்படம், விளம்பரப்படம் என்று தயாரிக்க இறங்கினார். மறுபடி நடிக்க ஒரு நல்ல வேஷத்துக்காகப் பல வருஷம் காத்திருந்து, கடைசியில் தானே படம் எடுக்க இங்கே வந்திருந்தார்.

நானும் அடி வாங்கும் ரௌடி, டப்பிங் குரல், புரொடக்‌ஷன் மேனேஜர் என்று நாலு இடம் மாறி வந்தவன். அதனால் எங்களுக்குள் பேச்சு எளிதாக ஓடும். அவருடைய உடைந்த இங்கிலீஷை இங்கே தமிழில் தருகிறேன்.

சாயாவைக் குடிக்காமல் கையிலேயே வைத்திருந்தார். "அப்பாஸ், ஒரு நடிகனைப் படத்திலிருந்து நீக்க யாருக்கு அதிகாரம்?"

"தயாரிப்பாளருக்கு."

"அவனை எனக்குத் தெரியும். இந்த நடிகனுக்காகத்தான் அவன் படமே எடுக்கிறான். அவன் சொல்லமாட்டான். நீ சொல்லு."

"நான் யாரு சார் சொல்ல?"

"உன்னையும் நீக்கியிருப்பார்களே. எப்படிச் சொன்னார்கள்?"

"யாரும் சொல்லல. போன் வர்றது நின்னுபோச்சு."

"எனக்கும் அப்படித்தான். அதனால்தான் கேட்கிறேன். நேரில் சொல்லு."

3. மேக்கப் அறை

கண்ணாடி முன்னால் உட்கார்ந்திருந்தார். ஸ்டூலை இழுத்துப் போட்டு எதிரில் உட்கார்ந்தேன்.

"ரென்சோ சார், வசனம் உங்களுக்கு நினைவுல நிக்கல. இந்த வேஷத்தை நாளைக்கு வேற ஆளு பண்ணட்டும்."

கேட்டு வாங்கிய வார்த்தைதான். ஆனாலும் அவர் முகம் சிவந்துவிட்டது. "நாளைக் காலையில் சரியாக வரும். ஒரு நாள் கொடு."

"நேத்தும் இதைத்தான் சொன்னீங்க சார்."

அவர் கண்ணாடியின் பக்கம் திரும்பிக்கொண்டார். ஒட்டுத்தாடியை ஓரத்திலிருந்து பிய்க்க ஆரம்பித்தார். பசை விடாததால் வெகுநேரம் ஆனது. உதவப் போனேன், வேண்டாம் என்று தலையசைத்தார். வெளியே யூனிட் ஆட்கள் லைட்டை இறக்கிக்கொண்டிருந்தார்கள். எனக்கும் எழுந்து வெளியே போய்விட வேண்டும்போல் இருந்தது. போகவில்லை. தாடி முழுக்க வந்ததும் முகத்தைத் துடைத்துக்கொண்டு, தயாரிப்பாளர் குரலில் கேட்டார்: "சரி, யாரைப் போடலாம்?"

பக்கத்துத் தோப்பும்படியில், போர்ச்சுகீசியர் காலத்துச் சவிட்டு நாடகத்தில் ஐரோப்பிய ராஜா வேஷம் கட்டும் ஆன்றணிச் சேட்டனைச் சொன்னேன். மறுநாள் மதியத்துக்குள் அவர் முடித்துக் கொடுத்தார். ஹாஜியாரின் லோடு வருவதற்குள் கிடங்கைக் காலி செய்துவிட்டோம்.

காலி செய்வதற்கு முன் ரென்சோ மானிட்டரில் கடைசி டேக்கைப் பார்த்தார். "நன்றாகச் செய்கிறான்" என்றார். கொஞ்சம் கழித்து, "அதுதான் கஷ்டமாக இருக்கிறது" என்று சொல்லிவிட்டு காரில் போய் உட்கார்ந்துகொண்டார். படத்தை முடித்தார். அதற்குப்பிறகு அவர் நடிக்கவில்லை.

இந்தத் தொழிலுக்கு வருகிறவர்களுக்குச் சொல்கிறேன். ஒருவரிடம் 'நீங்கள் வேண்டாம்' என்று சொல்லும் வேலை உங்களுக்கும் ஒருநாள் வரும். போனில் சொல்லாதீர்கள். காரணத்தை ஒருமுறை சொன்னால் போதும். சொன்னதும் எழுந்துவிடாதீர்கள். அவர் மேக்கப்பைக் கலைத்து முடிக்கும்வரை அந்த அறையில் இருங்கள்.