வெள்ளிக்கிழமைக் கூழ்

கொடிகாமத்தில் காலை ரயிலேறி வந்த எங்கள் முதியோர் சங்கத்தார் பதினால்வரும், யாழ்ப்பாணக் கோட்டையின் அகழிக்கரையில் மர நிழல் தேடி அமர்ந்திருக்கின்றோம். எமது வழிகாட்டி மேரி, குருநகர்க் கத்தோலிக்கப் பெண். இத்தொழிலில் அவருக்கு இதுவே முதல் நாள். கோட்டைச் சுவரின் முருகைக்கற்களை, அந்தப் பவளப்பாறைத் துண்டுகளைத் தொட்டுக் காட்டி, ஒல்லாந்தர் காலத்துக் கதையைத் தடுமாறாமல் உரைத்த அவர், தம் தாயார் சமைத்த மதிய உணவுப் பானையின் மூடியை இப்பொழுது திறக்கின்றார்.

பனங்கிழங்கு மாவில் காய்ச்சிய ஒடியற் கூழ். நண்டும் இறாலும் மீனும் அதில் மிதக்கின்றன. எவரும் கோப்பையை நீட்டவில்லை.

"என்ன ஐயா, ஒருத்தருக்கும் பசியில்லையோ?"

"பிள்ளை, இண்டைக்கு வெள்ளி விரதம். நாங்கள் மீன் மச்சம் தொடமாட்டம்" என்கிறேன்.

"எங்களுக்கும் வெள்ளிதானே ஐயா, தவக்காலம்! இறைச்சி கூடாதெண்டுதான் அம்மா மீன் போட்டவ."

"ரெண்டு வெள்ளிக்கும் நடுவிலை அம்பிட்டது எங்கடை வயிறுதான்" என்கிறார் எங்கள் செயலாளர் கனகம்மா.

எல்லோரும் சிரிக்கின்றோம், மேரி சிரிக்கவில்லை. பானையை மெல்ல மூடுகின்றார்.

"இனி என்னைக் கூப்பிடமாட்டியள், என்ன?"

உண்மையில் எங்கள் பைகளுள் இடியப்பப் பொதிகள் உள்ளன. அவருடைய விருந்தோம்பலை அவமதிப்பதாகும் என்றஞ்சி இதுவரை மறைத்திருந்தோம். இப்பொழுது அவை ஒவ்வொன்றாக வெளிவருகின்றன. முதற்பொதியை மேரியிடம் கொடுக்கிறேன்.

"கூப்பிடாமல்? வாற மாதம் ஞாயிற்றுக்கிழமை வருவம். இதே கூழ்தான் வேணும்" என்ற கனகம்மா, பானையருகே நகர்ந்து அமர்கின்றார். "இப்ப மூடியைத் திற பிள்ளை. மணத்துக்கு விரதமில்லை."