கடைத்தெருவைப் பார்த்த குழாய்

படப்பையில் ஷேர் ஆட்டோவுக்குள் முழங்காலை மடக்கி உட்கார்ந்திருந்தேன். பக்கத்தில் நின்ற விளம்பர வண்டியில் ஒரு பெண்குரல் வீட்டுமனை விற்றுக்கொண்டிருந்தது. "அமைதியான சூழல்" என்றது. இடத்தைச் சொன்னதும் நிமிர்ந்தேன். தலை கம்பியில் இடித்தது. எங்கள் ஊர் மேட்டுக் காலனி! இப்போது ஏதோ கார்டனாம்.

எழுபதுகளில் அந்த ஊர் மைக் செட் கடையில் வேலை பார்த்தேன். படித்த படிப்புக்கு அதுதான் கிடைத்தது. ஆம்ப்ளிபயர் சூடேறினால் வரும் கருகல் வாசனை இன்னும் மூக்கில் இருக்கிறது. பட்டணத்துக் கால்வாயோரத்திலிருந்து கிளப்பிவிடப்பட்டு, கல்லுடைக்க வந்தவர்கள் காலனிக்காரர்கள். ஊரில் கோழி காணவில்லையென்றால் முதலில் அங்கேதான் தேடுவார்கள். கோழி தானாக வீடு திரும்பினால், அதைப் போய்ச் சொல்ல ஆள் கிடையாது.

அங்கே ஒரு மஞ்சள் நீராட்டு விழா. எங்கே விழா நடந்தாலும் குழாய் ஸ்பீக்கர் கடைத்தெருவைத்தான் பார்க்க வேண்டும் என்பது எங்கள் முதலாளி போட்ட சட்டம். கேட்கிறவன்தானே நாளைக்கு வாடகைக்கு வருவான்? அப்படியே மரத்தில் கட்டினேன்.

பந்தி போடும் நேரம், ரைஸ் மில் ஆட்கள் நாலு பேர் வந்து பெண்ணின் தாய்மாமன் ஏழுமலையின் சட்டையைப் பிடித்தார்கள். முந்தின சாயங்காலம் மில்லில் மோட்டார் திருடு போயிருந்தது.

"மில்லாண்ட வந்து பேசிக்கோடா."

முன்பு அப்படிப் பேசப் போய், நொண்டிக்கொண்டு திரும்பிய ஒருவர் பந்தியில் உட்கார்ந்திருந்தார்.

பெண்ணின் அம்மா கன்னியம்மா என் கையிலிருந்த மைக்கைப் பிடுங்கினாள்.

"டைலரு அண்ணே! நேத்து சாயந்தரம் எந்தம்பி உன் கடையிலதானே குந்திகினு இருந்தான்? ஜாக்கெட்டு தெச்சி முடியற வரைக்கும் நவுரலியே! இப்ப இஸ்துகினு போறாங்க. வாயத் தொறந்து சொல்லு!"

குழாய் அதைக் கடைத்தெரு முழுக்கக் கொட்டியது.

"மைக்க அணைடா!" ஒருவன் என் மேல் பாய்ந்தான்.

"வாடகைக்கு எடுத்தவங்க சொல்லணும் சார். மொதலாளி திட்டுவாரு" என்றேன். நான் காட்டிய வீரம் அவ்வளவுதான்.

அவள் விடவில்லை. "டீக்கடைக்காரரே, அந்தாள எய்ப்பி அனுப்புங்க! நாளிக்கு எந்தம்பி கால் ஒடஞ்சி கெடக்கறச்ச வந்து பாக்காதீங்க!"

பாட்டுக்குக் காத்திருந்த கடைத்தெரு மொத்தமும் டைலர் பக்கம் திரும்பிப் பார்த்ததாம். அப்புறம் அவரால் எப்படித் தைக்க முடியும்? கழுத்தில் தொங்கும் டேப்போடு சைக்கிளைத் தள்ளிக்கொண்டு மேடேறி வந்தார். யார் முகத்தையும் பார்க்காமல், "ஆமாம்பா, கொக்கி வெச்சி முடிக்கிற வரைக்கும் என் கடையிலதான் இருந்தான்" என்றார்.

சட்டையைப் பிடித்த கை விட்டது.

"வந்ததுதான் வந்த, ஜாக்கெட்டு தோளாண்ட டைட்டா கீது, அத்தயும் பாருண்ணே. சாப்ட்டு போ" என்றாள் கன்னியம்மா. மைக் அவள் கையிலேயே இருந்ததால், இதையும் ஊரே கேட்டது.

பின்னால் ஒருநாள் காலனியைக் காலிசெய்து, ஆட்களை லாரியில் ஏற்றி எங்கேயோ கொண்டுபோனார்கள். அதற்குள் எங்கள் மைக் செட் கடையை மூடிவிட்டார்கள். டைலர் வேறு ஊருக்குப் போய்விட்டார். லாரியில் ஏற்றும்போது காலனிப் பெண்கள் தொண்டை கிழியக் கத்தினார்களாம்.

கடைத்தெருவில் யாருக்கும் எதுவும் கேட்கவில்லையாம்.