குண்டூசிக்குக் கை கொடுக்காதவர்கள்

அவனுக்குக் குண்டூசி என்று பட்டப்பெயர் வைத்தவன் நான்தான். குச்சி உடம்பு, அதற்குச் சம்பந்தமே இல்லாத உருண்டைத் தலை, தலை நிறையச் சுருட்டை முடி. கல்லூரியில் சேர்ந்த முதல் வாரத்தில் வைத்தேன். அவனும் சிரித்துக்கொண்டே ஏற்றுக்கொண்டான். விடுதியில் எனக்கும் அவனுக்கும் ஒரே அறை.

நாங்கள் படித்தது லேப் டெக்னீசியன் படிப்பு. இரத்தம் எடுப்பது, சோதிப்பது, முடிவை எழுதிக் கொடுப்பது. இரண்டாம் ஆண்டில் ஊசி போட்டு இரத்தம் எடுக்கப் பழகுவோம். பழகுவதற்கு நோயாளியா கிடைப்பான்? ஒருவர் கையை ஒருவர் நீட்டிக்கொள்ள வேண்டியதுதான். என் நரம்பு ஆழத்தில் ஒளிந்துகொள்ளும் ஜாதி. மற்றவர்கள் குத்தினால் இரண்டு நாள் கை நீலம் பாய்ந்து கிடக்கும். குண்டூசி மட்டும் விரலால் தடவிப் பார்ப்பான், ஒரே குத்து, முடிந்தது. "பேருக்கு ஏத்த வேலைடா உனக்கு" என்பேன்.

மூன்றாம் ஆண்டு தொடக்கத்தில் கல்லூரிக்கு ஒரு மனநல ஆலோசகர் வந்தார். நல்ல குரல், நல்ல சிரிப்பு. எங்கள் வகுப்பை வட்டமாக உட்கார வைத்தார். "மனசுல இருக்கிறதைப் பேசுங்க. இந்த ரூம்ல பேசுறது இந்த ரூமைத் தாண்டிப் போகாது" என்றார். ஒருவன் தேர்வு பயத்தைச் சொன்னான். ஒருத்தி அப்பாவின் குடியைச் சொல்லி அழுதாள். குண்டூசியின் முறை வந்தது.

"எனக்குப் பசங்களைத்தான் பிடிக்கும்" என்றான். "பொண்ணுங்க மேல எனக்கு அந்த மாதிரி ஆசை வந்ததே இல்லை. எந்தப் பொண்ணுடா உன் ஆளுன்னு கேட்டுக் கேட்டு, ஏதாவது ஒரு பேரைச் சொல்லிச் சொல்லி, வாய் வலிக்குது. அவ்வளவுதான்."

ஆலோசகர் கை தட்டினார். நாங்களும் தட்டினோம். நான் கொஞ்சம் பலமாகவே தட்டினேன். அடுத்த கணம், பக்கத்திலிருந்தவன் என் விலாவில் இடித்து, "நீதானடா ரூம்மேட்டு?" என்றான். என் கை நின்றுவிட்டது.

மறுநாள் காலை விடுதிக் காப்பாளர் ஒரு தாளோடு வந்தார். குண்டூசிக்குத் தனி அறை ஒதுக்கும்படி மாணவர்களே கேட்பதாக அதில் எழுதியிருந்தது. "ரெண்டு பேருக்கும் வசதியா இருக்குமேன்னுதான் தம்பி" என்று என்னிடம் பேனாவை நீட்டினார். எனக்கு முன்னால் இருபத்து மூன்று பேர் போட்டிருந்தார்கள். நானும் போட்டேன். கொடுத்த தனி அறை தண்ணீர் மோட்டாருக்குப் பக்கத்தில் இருந்தது. மோட்டார் ஓடினால் கட்டிலே நடுங்கும்.

துணிகளை மடித்துக்கொண்டே கேட்டான்: "உன் கையெழுத்தும் இருக்கா?"

"எல்லாரும் போட்டாங்கடா."

"நான் எல்லாரையும் கேக்கலையே."

அவன் பெட்டியைத் தூக்க நான் உதவவில்லை.

அந்த வாரச் செய்முறை வகுப்பில் வழக்கம்போல ஜோடி ஜோடியாக நின்றோம். குண்டூசி ரப்பர் பட்டையோடு என்னிடம் வந்தான். "கை வலிக்குதுடா" என்றேன். அவன் அடுத்தவனிடம் போனான். அவனுக்குக் காய்ச்சல் வரும்போல இருந்தது. இன்னொருவன் காலையில் சாப்பிடவில்லை. வகுப்பு முழுக்கவே திடீரென்று நோயாளிகளாகிவிட்டோம். சுற்றி வந்து முடித்தவன், மூலையில் உட்கார்ந்து, பட்டையைத் தன் இடது கையில் சுற்றிப் பல்லால் இழுத்துக் கட்டினான். தன் கையில் தானே குத்தி இரத்தம் எடுத்தான். ஆசிரியர் பார்த்துவிட்டு எங்களை ஒன்றும் சொல்லவில்லை. "அங்க ரப்பர் கை இருக்குல்ல, அதுல பழகேன்" என்று அவனைத்தான் அதட்டினார்.

அந்த ரப்பர் கையை எத்தனையோ வருடங்களாகக் குத்திக் கந்தலாக்கி வைத்திருந்தார்கள். எங்கே குத்தினாலும் சிவப்புத் தண்ணீர் ஒழுகும். குண்டூசி தினமும் அதோடு கைகுலுக்குவான். "சார், சௌக்கியமா? இன்னைக்குக் காய்ச்சல் ஒண்ணும் இல்லையே?" என்று சத்தமாகவே கேட்பான். சிரிப்பு வந்தாலும் யாரும் சிரிக்கவில்லை.

மூன்று மாதம் கழித்து, கல்லூரிக்குத் தர மதிப்பீடு கொடுக்கும் ஆய்வுக்குழு வந்தது. அதுவரை குண்டூசி எந்தப் பக்கம் இருக்கிறான் என்றுகூடத் தெரியாத முதல்வர் அவனைக் கூப்பிட்டனுப்பினார். "நீ நம்ம காலேஜுக்கே பெருமைப்பா. ரெண்டு வார்த்தை பேசு, போதும்" என்றார். குழுவுக்கு முன்னால் போய் நின்றவன், எல்லோரும் தன்னை நன்றாக நடத்துவதாகச் சொன்னான். புகைப்படம் எடுத்தார்கள்.

சாப்பாட்டு வரிசையில் எனக்கு முன்னால் நின்ற குண்டூசியிடம், பொறுக்க முடியாமல் கேட்டேன். "ஏன்டா அப்படிப் புளுகின?"

அவன் திரும்பாமலே சொன்னான். "பிரின்சிபால் என் தோள்ல கை போட்டிருந்தார். மூணு மாசத்துல என்னைத் தொட்ட முதல் ஆள் அவர்தான். அப்புறம் எப்படி உண்மையைச் சொல்றது?"

கல்லூரிக்கு நல்ல மதிப்பெண் கிடைத்தது. அந்தப் படத்தை ஆண்டறிக்கையில் முழுப்பக்கத்துக்குப் போட்டார்கள். ஆண்டறிக்கை எல்லா மாணவர்களின் வீட்டுக்கும் தபாலில் போகும். இது குண்டூசிக்குத் தெரியாது. எங்களுக்கும் நினைவில்லை. முதல்வருக்கு அது ஒரு விஷயமே இல்லை.

குண்டூசியின் அப்பா பத்து மாடிக் கட்டடம் ஒன்றில் லிஃப்ட் ஆபரேட்டர். அம்மா வீட்டிலேயே பள்ளிச் சீருடை தைப்பவர். ஒரு தங்கை. தபால் வந்த அன்று, வழவழப்பான தாளில் மகனும் முதல்வரும் நிற்பதைப் பார்த்த அப்பாவுக்குத் தலைகால் புரியவில்லை. மறுநாள் புத்தகத்தை வேலைக்கு எடுத்துக்கொண்டு போனவர், மூக்குக்கண்ணாடியை வீட்டிலேயே மறந்துவிட்டார். லிஃப்டில் ஏறிய ஒவ்வொருவரிடமும், "நம்ம பையன் சார், பிரின்சிபாலே தோள்ல கை போட்டு நிக்கிறார் பாருங்க" என்று காட்டியிருக்கிறார். நாலாவது மாடி அலுவலகத்தில் வேலை பார்க்கும் ஒருவர்தான் படத்துக்குக் கீழே இருந்த பொடி எழுத்தை வாசித்துச் சொன்னார். "தன் பாலினத்தவரையே விரும்பும் மாணவரையும் அரவணைக்கும் எங்கள் கல்லூரி."

அன்று சாயங்காலம் குண்டூசி என் அறை வாசலில் வந்து நின்றான். அறை மாறிப் போனபின் அன்றுதான் முதல்முறை வந்தான்.

"அப்பா போன் பண்ணினார்டா."

"திட்டினாரா?"

"இல்லை. 'அதுக்குள்ள ஏழெட்டுப் பேர்கிட்ட காட்டிட்டேனேடா'ன்னார். அவ்வளவுதான். 'லிஃப்ட்ல வேற எங்க போறது, கதவு திறக்கிற வரைக்கும் அவங்க கூடயே நிக்கணும்ல'ன்னார். வச்சிட்டார்."

"சரியாயிடும்டா" என்றேன். சொல்லும்போதே என் கண் நடைவழியின் இரண்டு பக்கமும் போய் வந்தது. யாராவது பார்க்கிறார்களா என்று. அவன் அதைக் கவனித்தான். திரும்பிப் போய்விட்டான்.

அடுத்த நாள் ஆலோசகரிடம் போய், ரூமைத் தாண்டாது என்றீர்களே என்று கேட்டிருக்கிறான். அவர் அதே நல்ல குரலில், "அப்புறம் நீங்களேதானே கமிட்டி முன்னாடி நின்னீங்க?" என்றாராம். அவன் அம்மா இரண்டு வாரம் கழித்துப் போனில் பேசினார். "கொஞ்ச நாளைக்கு வீட்டுப் பக்கம் வராதேப்பா. அப்பாவுக்கு மனசு ஆறட்டும். தங்கச்சி விஷயம் வேற இருக்கு." அது ஆறு வருடத்துக்கு முன்னால். இன்னும் ஆறவில்லை. தங்கையின் கல்யாணப் படத்தை அவன் பெற்றோரின் பக்கத்து வீட்டுக்காரர் ஒருவரின் போனில்தான் பார்த்தான்.

வகுப்பில் ஒரே ஒருத்தி அவனுக்குக் கை நீட்டினாள். முதல் பெஞ்சுக்காரி. ரெண்டு வார்த்தைக்கு மேல் பேசி நாங்கள் கேட்டதில்லை. கடைசிச் செய்முறைத் தேர்வுக்கு முன்னால் ஒருநாள் நேராக மூலைக்குப் போய், சட்டைக் கையை மடித்துவிட்டு உட்கார்ந்தாள். "ஆள் திருந்திட்டான் போல" என்று பின் பெஞ்சில் குசுகுசுத்தார்கள். அன்று அவள் என்ன சொன்னாள் என்பதை வெகுகாலம் கழித்துத்தான் குண்டூசி என்னிடம் சொன்னான்.

"நானும் உன்னை மாதிரிதான். எனக்குப் பொண்ணுங்க. அன்னைக்கு வட்டத்துல உனக்கு ரெண்டு பேர் தள்ளி என் முறை. சொல்லிடலாம்னுதான் இருந்தேன். உன் பக்கத்துல இருந்தவங்க நாற்காலியை நகர்த்தினதைப் பார்த்தேன். எக்ஸாம் பயம்னு சொல்லிட்டேன்."

"நல்ல வேலை பண்ணின" என்று சொல்லிவிட்டு ஊசியை எடுத்தானாம். படிப்பு முடிந்த வருடமே அவளுக்குக் கல்யாணம் ஆனது. வகுப்பில் எல்லோருக்கும் அழைப்பு வந்தது, அவனைத் தவிர. அவன் வந்தால் தன்னையும் சேர்த்துப் பேசுவார்கள் என்று பயந்திருப்பாள்.

நான் டெக்னீசியன் ஆகவில்லை. பரிசோதனைக்கூடங்களுக்கு இரசாயனக் குப்பி விற்கும் கம்பெனியில் ஊர் ஊராகச் சுற்றுகிறேன். போன வருடம் ஒரு பெரிய ஆஸ்பத்திரி லேபுக்குள் நுழைந்தபோது வெள்ளைக் கோட்டில் குண்டூசி நின்றான். முடி பாதி கொட்டிப்போயிருந்தது. அங்கே அவன்தான் கெட்டிக்காரன். குழந்தைகளுக்கும் நரம்பு கிடைக்காத வயசாளிகளுக்கும் அவனைத்தான் கூப்பிடுவார்கள். என்னைப் பார்த்து முகம் சுளிக்கவில்லை. தேநீர் வாங்கிக் கொடுத்தான்.

"இங்க தெரியுமா?" என்று மெதுவாகக் கேட்டேன்.

"ஒரு தடவை சொல்லிப் பார்த்தாச்சுல்ல" என்றான்.

அங்கே வரவேற்பு மேசையில் ஒரு அக்கா இருக்கிறார். மனசு வெள்ளை, வாய் நீளம். ஊரில் கல்யாணமாகாத எல்லோருக்கும் வரன் பார்ப்பவர். அவரிடமிருந்து தப்பிக்க, தனக்கு ஏற்கெனவே ஒரு பெண்ணைப் பேசி முடித்திருப்பதாகச் சொல்லி வைத்திருந்தான் குண்டூசி. அக்கா விடவில்லை. பெண் என்ன வேலை, எந்தப் பள்ளிக்கூடம், நிறம் எப்படி, ஏன் இன்னும் தள்ளிப்போகிறது என்று வாரம் ஒரு கேள்வி. இவன் வாரம் ஒரு பதில். அவள் கணக்கு டீச்சர். நாயென்றால் பயம். அவள் தாத்தா இறந்ததால் ஒரு வருடம் தள்ளிப்போனது. "இப்ப எனக்கே அவளைப் பத்திக் கவலையா இருக்குடா" என்று சிரித்தான்.

நான் கிளம்பும்போது அக்கா ஒரு பொட்டலத்தோடு வந்து அவன் கையில் திணித்தார். உள்ளே பூப்போட்ட கைப்பை ஒன்று இருந்தது. "டீச்சர் பொண்ணுக்குப்பா. அக்கா கொடுத்ததுன்னு சொல்லு. வேண்டாம்னா எனக்குக் கெட்ட கோபம் வரும், ஆமா." பிறகு என் பக்கம் திரும்பினார். "தம்பி, நீங்க இவன்கூடப் படிச்சவர்தானே? நீங்களாவது அந்தப் பொண்ணைப் பார்த்திருக்கீங்களா? இவன் ஒரு போட்டோகூடக் காட்ட மாட்டேங்கிறான்."

குண்டூசி என்னைப் பார்க்கவில்லை. பையின் பொத்தானைத் திறந்து திறந்து மூடிக்கொண்டிருந்தான்.

"பார்த்திருக்கேன்க்கா" என்றேன். "ரொம்ப நல்ல பொண்ணு."