ரீஃபண்டுக்குக் காத்திருந்த பன்னிரண்டு நாள்

துபாயில் இருந்த பதினோரு வருடமும் எதை வாங்கினாலும் ரூபாயில் பெருக்கிப் பார்ப்பேன். பெருக்கினால் எதையும் வாங்கத் தோன்றாது. ஊருக்குத் திரும்பிய பிறகு அதே புத்தி தலைகீழாகிவிட்டது. பெரம்பலூர் பஸ் ஸ்டாண்டில் டீ குடித்தால்கூட இது எத்தனை திர்ஹம் என்று வகுத்துப் பார்க்கும். வகுத்தால் எல்லாம் மலிவாகத் தெரியும், பர்ஸ் காலியாகும். "சம்பளம் இப்ப ரூபாயிலதாங்க வருது, ரூபாயிலயே நெனைங்க" என்று என் மனைவி ஒரு வருடம் சொல்லிச் சொல்லி அந்தப் பழக்கத்தை ஒழித்தாள். ஒழித்திருக்கக் கூடாது.

லப்பைக்குடிக்காடுதான் எனக்குச் சொந்த ஊர். வேலை அரியலூர் பக்கம் ஒரு சிமெண்ட் ஆலையில். சுண்ணாம்புக்கல் லாரி வந்து எடைமேடையில் ஏறும், நான் எடை பார்த்துச் சீட்டுப் போடுவேன். இடுப்பு தேய்ந்து போனதால் துபாய் வேலையை விட்டு வந்தவனுக்கு உட்கார்ந்து செய்யும் வேலை கிடைத்ததே பெரிது என்றார்கள். உட்கார்ந்தால்தான் எனக்கு இடுப்பு வலிக்கும் என்பது அவர்களுக்குத் தெரியாது. பஸ்ஸுக்குத் தோதாக இருக்கும் என்று பெரம்பலூரில் வீடு பிடித்தோம். தினமும் போக ஒரு மணி நேரம், வர ஒரு மணி நேரம். வாரத்தில் ஆறு நாள் இப்படிப் போனால் ஏழாவது நாள் ஒரு மனுசனுக்கு என்ன தெம்பு இருக்கும்? ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் டிவிக்கு முன்னால் சாய்ந்து கொண்டு கேம் விளையாடுவேன். நாற்பத்திரண்டு வயதில் என் சுகம் அவ்வளவுதான்.

அந்தக் கேம் பெட்டி துபாய் ரூமில் ஆறு பேர் காசு போட்டு வாங்கியது. வெள்ளிக்கிழமை ஜும்மா முடிந்து, சாப்பிட்டு, எல்லாரும் ஃபுட்பால் ஆடுவோம். பெட்டி வாங்கிய புதிதில் கேம் கடைக்குள் போக ஒரு அக்கவுண்ட் தொடங்க வேண்டியிருந்தது. அதற்கு பேங்க் கார்டு கேட்டது. அப்போது ரூமில் கார்டு வைத்திருந்தவர் ஒருவர்தான். வரதராஜன்பேட்டைக்காரர், எங்கள் எல்லாருக்கும் மூத்தவர், எல்லாருக்குமே அண்ணன். நாங்கள் பள்ளிவாசலுக்குப் போயிருக்கும் நேரத்தில் தனியாக நின்று ஆறு பேருக்கும் பிரியாணி ஆக்கி வைத்திருப்பார். மூலையில் மாதா படத்துக்கு ஒரு மெழுகுவர்த்தி எரியும். அவர் கார்டைத்தான் போட்டோம். நான் ஊர் திரும்பும்போது, "நீதாம்ப்பா அதுல கெடந்து சாவே, நீயே எடுத்துட்டுப் போ" என்று பெட்டியை என் அட்டைப்பெட்டிக்குள் துணிகளுக்கு நடுவில் வைத்துக் கட்டிக் கொடுத்தார்.

பெட்டி ஊருக்கு வந்துவிட்டது. அதற்குள் இருந்த அக்கவுண்ட் துபாயிலேயே இருந்தது. கடை துபாய்க் கடை, விலை துபாய் விலை, கார்டு அண்ணனுடைய கார்டு. இதெல்லாம் இன்று எனக்குத் தெளிவாகத் தெரிகிறது. அன்று தெரியவில்லை. ஒரு தடவை என்னுடைய இந்தியக் கார்டை அதில் போட்டுப் பார்த்தேன். ஏதோ ஆங்கிலத்தில் நாலு வரி வந்தது. படிக்காமல் ஓகே அடித்துவிட்டு, ஏறிவிட்டது என்று நினைத்துக் கொண்டேன். ஏறவில்லை என்பதைத்தான் அந்த நாலு வரியும் சொல்லியிருக்கின்றன.

ஒரு ஞாயிற்றுக்கிழமை புது ஃபுட்பால் கேம் தள்ளுபடியில் வந்திருந்தது. இருநூற்று நாற்பத்தொன்பது. பக்கத்தில் மூன்று ஆங்கில எழுத்து இருந்தது, கண் அதைத் தாண்டிப் போய்விட்டது. இருநூற்று நாற்பத்தொன்பது ரூபாய்தானே, ரெண்டு பேர் புரோட்டா சாப்பிடும் காசு என்று பட்டனை அமுக்கினேன். பேங்க் மெசேஜ் வரவில்லை. எப்போதும் தாமதமாகத்தான் வரும் என்று விட்டுவிட்டேன். இடுப்பு வலி அதிகமாக இருந்ததால் அன்று விளையாடவும் இல்லை, படுத்துவிட்டேன்.

புதன்கிழமை அண்ணன் போன் செய்தார். மாதம் ஒரு முறையாவது பேசுவார். அன்று குரல் சரியில்லை.

"தம்பி, ரூம்ல ஒரு அசிங்கம் நடந்து போச்சுப்பா. என் கார்டுலேருந்து எவனோ காசு எடுத்துட்டான்."

"எவ்வளவுண்ணே?"

"இருநூத்தி நாப்பத்தொம்பது திர்ஹம். ஏதோ கம்பெனி பேரு போட்டு மெசேஜ் வந்துருக்கு, ஒண்ணும் வெளங்கல. பாடாலூர்லேருந்து புதுசா ஒருத்தர் வந்துருக்காருன்னு சொன்னேன்ல? ஞாயித்துக்கெழமைதான் வூட்டுக்குப் பேசணும்னு என் போனை வாங்குனாரு. அன்னிக்கே காசு போயிருக்கு. நீயே சொல்லு."

அந்த பாடாலூர்க்காரரைப் பற்றி முன்பே கேட்டிருந்தேன். காலம் முழுக்க அடுத்தவர் காட்டில் கூலி வேலை பார்த்தவர். மகளை நர்சிங் சேர்த்ததற்காக, ஐம்பதை நெருங்கும் வயதில் கட்டட வேலைக்கு வந்தவர். அவரிடம் இருந்தது பட்டன் போன். அதில் சார்ஜ் போடுவதற்கே ரூமில் யாராவது உதவ வேண்டும் என்று அண்ணனே சிரித்துச் சொல்லியிருக்கிறார்.

அந்தத் தொகையைக் கேட்டதுமே எனக்குப் புரிந்துவிட்டது, கேம் விலைக்குப் பக்கத்தில் இருந்த மூன்று எழுத்து திர்ஹத்தின் குறி என்று. நான்தான் என்று சொல்ல வாய் வரை வந்தது. "அவசரப்படாதீங்கண்ணே, நல்லா விசாரிங்க" என்று மட்டும் சொன்னேன். இதைவிடக் கேவலமான வார்த்தையை நான் என் வாழ்க்கையில் பேசியதில்லை.

ஏன் சொல்லவில்லை என்று பல தடவை யோசித்துவிட்டேன். இந்த வயதில் கேம் வாங்கினேன் என்று சொல்ல வெட்கம். அண்ணன் கார்டில் கை வைத்துவிட்டேன் என்று சொல்லப் பயம். அதோடு ஒரு குறுக்குவழியும் தோன்றியது. வாங்கிய கேமைப் பதினான்கு நாளுக்குள் திருப்பிக் கொடுக்கலாம், பணம் கார்டுக்கே போய்ச் சேரும் என்று போட்டிருந்தது. காசு திரும்பினால் பேங்க் தப்பு என்று நினைத்து எல்லாரும் மறந்துவிடுவார்கள். பாடாலூர்க்காரரும் தப்பித்துக் கொள்வார், நானும் தப்பித்துக் கொள்வேன். எல்லாருக்கும் நல்லது என்று என்னையே ஏமாற்றிக் கொண்டேன்.

மறுநாள் எடைமேடையில் ஒரு லாரிக்கும் அடுத்த லாரிக்கும் நடுவில் போனில் கேம் கம்பெனியின் 'சாட்' உதவியைத் திறந்தேன். முதலில் வந்தது மெஷின். அது கேட்பதற்கெல்லாம் பட்டன் அமுக்கி அமுக்கிக் கடைசியில் ஒரு ஆளைப் பிடித்தால், வெளியே லாரிக்காரன் ஹாரன் அடிப்பான். சீட்டுப் போட்டுவிட்டு வந்து பார்த்தால், நீண்ட நேரம் பதில் இல்லாததால் உரையாடல் முடிக்கப்பட்டது என்று இருக்கும். பஸ்ஸில் முயன்றால் வழியில் டவர் போய்விடும். ஒவ்வொரு தடவையும் வேறு ஆள், ஒவ்வொரு தடவையும் முதலிலிருந்து கதை. உங்கள் சிரமத்தைப் புரிந்து கொள்கிறோம் என்று ஆங்கிலத்தில் ஏழு தடவை வந்தது. ஏழும் எழுத்துக்கு எழுத்து ஒரே வரி. அடித்து வைத்த வரியை எடுத்துப் போடுகிறார்கள். எனக்குக் கோபம்கூட வரவில்லை. நானும் சீட்டில் ஒரே வரியைத்தான் நாள் முழுக்க அடிக்கிறேன்.

ஐந்தாவது ஆளோ ஆறாவது ஆளோ விசயத்துக்கு வந்தார். டவுன்லோடு தொடங்கிய கேமுக்குப் பணம் திருப்பித் தர முடியாது. நான் டவுன்லோடே செய்யவில்லை என்று எழுதினேன். செய்திருக்கிறீர்கள், ஞாயிற்றுக்கிழமையே முழுதாக இறங்கிவிட்டது என்றார். வீட்டுக்கு வந்து பெட்டியைத் திறந்து பார்த்தால் உண்மைதான். அப்போதுதான் நினைவு வந்தது. ரூமில் ஆறு பேரும் வீட்டுக்கு வீடியோ கால் பேசும் நேரத்தில் வைஃபை திணறும். ஆகவே கேம் வாங்கினால், ஆள் நடமாட்டம் இல்லாத நேரத்தில் பெட்டி தானே இறக்கிக் கொள்ளும்படி நாங்கள்தான் அமைத்து வைத்திருந்தோம். ரூம் பழக்கத்தை அந்தப் பெட்டி இன்னும் விடவில்லை. நான் படுத்துக் கிடந்த நேரத்தில் அது கடமையைச் செய்து முடித்துவிட்டது.

விடாமல் எழுதினேன். விலையைத் தவறாகப் படித்துவிட்டேன், கேமை ஒரு முறையும் தொடங்கவில்லை, நீங்களே பார்த்துக் கொள்ளுங்கள் என்று கெஞ்சினேன். எழுதத் தொடங்கிய ஒன்பதாவது நாள், மேலதிகாரியிடம் அனுப்புகிறோம், அக்கவுண்டில் உள்ள கார்டின் கடைசி நான்கு எண்ணைச் சொல்லுங்கள் என்றார்கள். அந்த நாலு எண் உலகத்தில் ஒருவரிடம்தான் இருந்தது.

அரியலூர் பஸ் ஸ்டாண்டில் நின்று கொண்டு அண்ணனுக்குப் போன் போட்டேன். எண் வேண்டும் என்பதற்காகத்தான் போட்டேன். மனசாட்சி உறுத்தியதால் போட்டேன் என்று எழுத ஆசைதான், ஆனால் அது பொய்.

"அண்ணே, அந்தக் காசை எடுத்தது நான்தாண்ணே" என்று ஆரம்பித்து எல்லாவற்றையும் சொன்னேன்.

"அவரு குடுத்துட்டாருப்பா" என்றார் அண்ணன்.

"யாரு?"

"பாடாலூர்க்காரரு. முந்தாநேத்து சம்பளம் வந்துச்சு. எண்ணி என் கையில வெச்சாரு. 'நான்தான் தெரியாம எதையோ அமுக்கிட்டேன் போலருக்கு, வெச்சுக்கங்க'ன்னாரு. நாங்களும் வாங்கிக்கிட்டோம். மறுநாளே ரூமை மாத்திக்கிட்டுப் போயிட்டாரு."

இருநூற்று நாற்பத்தொன்பது திர்ஹம் அவருடைய மாதச் சம்பளத்தில் கால் பங்கு; ரூபாயில் ஐயாயிரத்துக்கு மேல். இப்போது பெருக்கத் தெரிந்தது எனக்கு.

"ஒன்பது நாளா தெரிஞ்சுக்கிட்டே இருந்தியாப்பா?" என்று அண்ணன் கேட்டார். முதல் போனிலேயே எனக்குத் தெரியும் என்பதை அவர் கணக்குப் போட்டுவிட்டார். திட்டியிருந்தால் தேவலை. அந்த நாலு எண்ணை மெதுவாக இரண்டு தடவை சொன்னார், வைத்துவிட்டார்.

பன்னிரண்டாவது நாள் மெயில் வந்தது. இந்த ஒரு முறை மட்டும் விதிவிலக்காகப் பணம் திருப்பித் தரப்படுகிறது. பெட்டியைத் திறந்தால் கேமைக் காணோம். அலைந்த அலைச்சலுக்கு ஜெயித்துவிட்டோம் என்று ஒரு நிமிடம் சந்தோஷமாகக்கூட இருந்தது. அதை நினைத்தால் இப்போதும் கூசுகிறது. கார்டில் பணம் ஏறும்வரை அண்ணன் காத்திருக்கவில்லை. அதற்கு முன்பே தன் கைக்காசை எடுத்துக்கொண்டு, இரண்டு பஸ் மாறி பாடாலூர்க்காரர் இருந்த புது இடத்துக்குப் போய் கொடுத்துவிட்டு வந்திருந்தார். எனக்கு அந்த ஆளின் நம்பரை மட்டும் அனுப்பினார். நம்பரோடு ஒரு வார்த்தையும் இல்லை.

அங்கே சாப்பாட்டு நேரம் பார்த்துக் கூப்பிட்டேன். யார் என்று சொன்னேன், என்ன செய்தேன் என்றும் சொன்னேன்.

"சொன்னாங்க தம்பி. பரவாயில்ல, காசு வந்துருச்சு" என்றார்.

"எடுக்காத காசை எதுக்குண்ணே குடுத்தீங்க?"

"அங்க எல்லாரும் ஒரே சுப்ரா விரிச்சு ஒண்ணா உக்காந்து சாப்புடுவாங்கள்ல தம்பி? மெசேஜ் வந்ததுலேருந்து என்னைக் கூப்புடல. போக வேண்டாம்னும் சொல்லல. நானா ஒரு தட்டை எடுத்துக்கிட்டுத் தள்ளி உக்காந்துக்குவேன். தனியா உக்காந்து திங்குறது எனக்குப் புதுசு இல்ல. ஊர்ல எங்கப்பா காலத்துலயே பார்த்ததுதான். இங்கயும் வந்து அப்படியான்னு ஆயிருச்சு. சரி, காசைக் குடுத்தா கூப்புடுவாங்கன்னு நெனச்சேன்."

"கூப்புட்டாங்களாண்ணே?"

"அன்னிக்கே கூப்புட்டாங்க. நல்லாத்தான் கூப்புட்டாங்க. எனக்குத்தான் சோறு எறங்கல. அதான் கெளம்பிட்டேன்."

சுப்ரா என்பது ரூமில் சாப்பாட்டுக்காகத் தரையில் விரிக்கும் பிளாஸ்டிக் தாள். அதில் பதினோரு வருடம் நானும் உட்கார்ந்திருக்கிறேன். மன்னிச்சிருங்கண்ணே என்று சொன்னேனா, அல்லா மேல ஆணையா தெரியாமப் பண்ணிட்டேன் என்று சொன்னேனா, நினைவில்லை. தெரியாமல் செய்தது ஞாயிற்றுக்கிழமை செய்தது மட்டும்தான். அதற்குப் பிறகு ஒன்பது நாள் தெரிந்தே செய்தேன். அதை அவரிடம் வாய்விட்டுச் சொல்ல எனக்குத் தைரியம் வரவில்லை.

அவரே பேச்சை மாற்றினார். "அது என்ன தம்பி, வெளையாட்டா? நல்லாருந்துச்சா?"

"நான் தொறக்கவே இல்லைண்ணே. காசைக் குடுத்துட்டு அதைத் திருப்பி எடுத்துக்கிட்டாங்க."

"அடடா" என்றார். "ஆசப்பட்டு வாங்குனதாச்சே தம்பி."

குத்திக் காட்டுகிறாரோ என்று காதைக் கூர்மையாக்கிக் கேட்டேன். இல்லை. எனக்காக வருத்தப்பட்டுத்தான் சொன்னார்.