முதற்பிரதி வாங்கிய முதலாளி

குதிரையைக் கொன்றவள் என்று என்னை ஊர் பூராவும் சொல்ல வைத்த மனிதரை, என் புத்தக வெளியீட்டுக்கு நானே நேரில் போய் அழைத்தேன். தட்டில் வெற்றிலை வைத்து, அதன் மேல் அழைப்பிதழை வைத்து, குனிந்து கொடுத்தேன். ஐந்து வருடம் கறுவியவளுக்கு ஐந்து நிமிடம் குனிவது பெரிய காரியமில்லை என்று பல்லைக் கடித்துக்கொண்டேன்.

அவர் என் பழைய முதலாளி. கலேவெலப் பக்கம் அவருக்கு ஒரு ஹோட்டல் இருக்கிறது. வெள்ளைக்காரர்கள் சவாரி போவதற்கென்று, நுவரெலியாவில் பந்தயம் ஓடி ஓய்ந்த குதிரைகள் ஆறை வாங்கி அங்கே கட்டியிருந்தார். நான் அறை கூட்டித் துடைக்கப் போனவள். தேயிலைத் தோட்டத்துத் தொழிலாளர் லயத்தில் பிறந்து பத்தாம் வகுப்போடு நின்றவளுக்கு வேறு என்ன வேலை கொடுப்பார்கள்? அதற்கு முன் குதிரையைக் கிட்டத்தில் பார்த்ததுகூட இல்லை. ஒரு நாள் நொண்டிக்கொண்டு நின்ற குதிரை ஒன்றின் காலைத் தூக்கிப் பார்த்தேன். குளம்பு நாறியது. அந்த நாற்றம் அங்கே வேறு யாருக்கும் தெரியவில்லை என்பதுதான் எனக்கு ஆச்சரியம். லாடத்தைக் கழற்றச் சொல்லிச் சண்டை பிடித்தேன். கழற்றினால் உள்ளே சீழ். உப்புத் தண்ணீரில் நாலு நாள் ஊற வைத்துக் கழுவினேன், நடந்தது. அதோடு துடைப்பம் போய்க் குதிரைகள் என் கைக்கு வந்தன.

என் வைத்தியத்தைப் பார்த்துச் சிரிக்காதவர்கள் குறைவு. குளம்பை மோந்து பார்ப்பேன். புறங்கையை வைத்துச் சூடு பார்ப்பேன். லாடத்தைக் கண்டாலே எனக்கு ஆகாது. வயிற்றுக்கோ நெஞ்சுக்கோ ஏதாவது என்றால் மாட்டு டாக்டரைக் கூப்பிடச் சொல்லிவிடுவேன், கால் மட்டும் என்னுடையது. கால் கொதித்தால் குதிரையைப் பக்கத்து வயலுக்கு ஓட்டிப்போய், உழுது போட்ட குளிர்ந்த சேற்றில் முழங்கால் அளவுக்கு நிறுத்தி வைப்பேன். இதுகளைப் பூட்டி உழவும் சொல்வாய் போலிருக்கிறதே என்று வயல்காரர் சிங்களத்தில் கேலி செய்வார். ஆனாலும் மற்ற ஹோட்டல்காரர்கள் என்னைத் தேடி வந்தார்கள். பார்த்ததை எல்லாம் தடித்த சீஆர் கொப்பி ஒன்றில் படம் போட்டு எழுதி வைத்தேன்.

அந்த ஆறு குதிரைகளில் செம்பட்டை நிறத்தில் ஒரு பெட்டை இருந்தது. என்னைக் கண்டால் மூக்கால் தோளை இடிக்கும், நான் திரும்பிப் பார்க்கும் வரை விடாது. அதன் மேல் எனக்கு உயிர்.

மாட்டுப் பொங்கலன்று ஹோட்டலில் விழா. முதலாளியிடம் ஒரு மாடுகூடக் கிடையாது, ஆனால் வெள்ளைக்காரர்களுக்கு மாட்டுப் பொங்கல் காட்ட வேண்டும். என்ன செய்தார் தெரியுமா? குதிரைகளைக் குளிப்பாட்டி, நெற்றியில் மஞ்சள் குங்குமம் வைத்து, மாலை போட்டு வரிசையாக நிறுத்தச் சொன்னார். சர்க்கரைப் பொங்கலைப் பேசின் பேசினாகக் கொண்டுவந்து வைத்தார். வந்தவர்கள் ஒவ்வொருவராகக் கையில் எடுத்து ஊட்டப் படம் பிடித்தார்கள். மற்றக் குதிரைகள் மோந்து பார்த்துவிட்டுத் திரும்பிக்கொண்டன. செம்பட்டை மட்டும் தின்றுகொண்டே இருந்தது. இரண்டாவது பேசின் வந்தபோது போதும் என்றேன். மூன்றாவது வந்தபோதும் சொன்னேன். திங்கிற வாயை ஏன் கட்டுகிறாய் என்று சிரித்தார்.

மறுநாள் அது முன்னங்கால்களை நீட்டி, பாரத்தைப் பின்னால் போட்டுக்கொண்டு நின்றது. குளம்பில் கை வைக்க முடியவில்லை, அவ்வளவு சூடு. வயிறு நிறையச் சோறும் வெல்லமும் போனால் குதிரைக்குக் காலில்தான் வந்து பிடிக்கும். லாடத்தைப் பிடுங்கிச் சேற்றில் இறக்கினேன். நாலு நாளில் சூடு தணியத் தொடங்கியது. பத்து நாள் விட்டிருந்தால் தேறியிருக்கும், இன்றைக்கும் அடித்துச் சொல்வேன்.

ஐந்தாம் நாள் ஹோட்டலில் ஒரு கல்யாணம். மாப்பிள்ளை செம்பட்டைக் குதிரையில் வந்து இறங்குவதாக முதலாளி வாக்குக் கொடுத்திருந்தார். முடியவே முடியாது என்று லாயத்து வாசலில் கையை விரித்துக்கொண்டு நின்றேன். என்னை இழுத்து ஒதுக்கிவிட்டு, மறுபடி லாடம் அடித்து, மாப்பிள்ளையை ஏற்றித் தார் ரோட்டில் நடத்தினார்கள். மேளக்காரர்களுக்குப் பின்னால் அது ஒவ்வொரு அடியும் வைத்ததைப் பார்த்தேன். ஹோட்டல் கேட்டுக்கு முன்னால் முன்னங்கால் மடிந்து விழுந்தது, பிறகு எழும்பவேயில்லை. மாட்டு டாக்டர் வந்து ஊசி போட்டு அதன் வேதனையை முடித்தார். சோற்றால் வந்தது ரோட்டால் முடிந்தது என்று அவர் சொன்னதை முதலாளியும் நானும் மட்டும்தான் கேட்டோம்.

அன்று மாலையே ஹோட்டலின் பேஸ்புக் பக்கத்தில் என் படம் வந்தது. சேற்று வைத்தியம் செய்து குதிரையின் காலை அழுக வைத்துக் கொன்ற போலி வைத்தியக்காரி என்று போட்டிருந்தார். பாவி! பிறகு ஒரு லாயமும் எனக்குக் கதவு திறக்கவில்லை. பஸ்ஸில் ஒருத்தி பிள்ளையிடம் என்னைக் காட்டி, குதிரையைக் கொன்ற அக்கா என்றாள். இறங்க வேண்டிய இடத்துக்கு முன்னாலேயே இறங்கி, ரோட்டோரமாக நின்று அழுதேன்.

பலாபத்வலயில் முஸ்லிம் பெரியவர் ஒருவர், எல்லாருக்கும் நானா, சின்னதாக அச்சகம் வைத்திருந்தார். தாள் மடிக்கவும் தைக்கவும் என்னைச் சேர்த்துக்கொண்டார். ஓய்வு நேரத்தில் நான் சீஆர் கொப்பியைப் புரட்டுவதைப் பார்த்து வாங்கிப் படித்தார், இதை ஒழுங்காக எழுதினால் தானே அச்சடித்துத் தருவதாகச் சொன்னார். எழுதுகிறவர்கள் ஏன் எழுதுகிறோம் என்று அழகழகாகச் சொல்கிறார்கள். நான் பழிவாங்க எழுதினேன். குளம்பைப் பற்றி, தீனியைப் பற்றி, குணமான குதிரைகளைப் பற்றி எல்லாம் எழுதினேன்தான். ஆனால் எழுபத்து மூன்றாம் பக்கத்துக்காகத்தான் மற்றப் பக்கங்கள். பேசின், கல்யாணம், லாடம், தார் ரோடு, டாக்டர் சொன்னது, பேஸ்புக்கில் போட்டது, எல்லாம் அந்த ஒரு பக்கத்தில் இருந்தன.

எங்கள் பக்கத்துப் புத்தக வெளியீடுகள் எப்படி நடக்கும் என்று தெரிந்தவர்களுக்குத் தெரியும். வசதியான ஒருவரை மேடைக்கு அழைத்து, பொன்னாடை போர்த்தி, ரிப்பன் கட்டிய முதற்பிரதியைக் கையில் கொடுக்க வேண்டும். அவர் புத்தகத்தை நெஞ்சுக்கு நேரே பிடித்துப் படம் எடுத்துக்கொள்வார், பிறகு அதைப் புகழ்ந்து பேசுவார். மாத்தளையில் அந்த வேலைக்கு என் பழைய முதலாளியை விட்டால் ஆள் கிடையாது. கவிதையோ சமையலோ சோதிடமோ, எல்லா முதற்பிரதியும் அவர் வீட்டுக் கண்ணாடி அலுமாரியில் இருக்கிறது. ஒன்றின் ரிப்பன்கூட அவிழ்ந்திருக்காது.

அழைப்பிதழை வாங்கிக்கொண்டு என்னை உட்காரச் சொன்னார்.

"பழசையெல்லாம் மறந்துட்டு வந்திருக்க பாரு, அதுதான் புள்ள பெரிய மனசு," என்றார்.

ஆமாங்க முதலாளி என்று சொல்லிவிட்டு, பையிலிருந்து ஒரு பிரதியை எடுத்து மேசை மேல் வைத்தேன். படித்துப் பார்த்துவிட்டு வந்தால் பேசச் சுலபமாக இருக்கும் என்றேன். விழாவுக்கு இன்னும் பத்து நாள் இருந்தது. அந்த ஒரு பக்கத்தைத் திறந்திருந்தால் மனிதர் தப்பியிருப்பார்.

மண்டபம் நிறைந்திருந்தது. கோயில் தர்மகர்த்தாக்கள், வாத்தியார்கள், கடைக்காரர்கள், ஹோட்டல்காரர்கள் சிலர். முதலாளி பொன்னாடையோடு ஒலிவாங்கியைப் பிடித்தார். என்னைத் தன் மகள் மாதிரி என்றார், தன் லாயத்தில்தான் இவள் பாடம் படித்தாள் என்றார்.

"இத முதல் பக்கத்துல இருந்து கடைசிப் பக்கம் வரைக்கும் படிச்சேங்க. ஒவ்வொரு எழுத்தும் சத்தியம். அதுக்கு நான் சாட்சி."

கைதட்டல். நானும் தட்டினேன். கை நோகத் தட்டினேன்.

ஏற்புரைக்கு என்னைக் கூப்பிட்டார்கள். நன்றி சொன்னேன். முதலாளியே சாட்சி சொன்ன புத்தகத்திலிருந்து ஒரே ஒரு பக்கம் வாசிக்கிறேன் என்று சொல்லி, எழுபத்து மூன்றைத் திறந்தேன். நிதானமாக, நிறுத்தி நிறுத்தி வாசித்தேன். பேசின் வரும்போதே மண்டபம் அடங்கிவிட்டது. லாடம் மறுபடி அடித்த இடத்தில் ஹோட்டல்காரர்கள் ஒருவரை ஒருவர் பார்த்தார்கள். முதலாளியின் முகத்தில் ஈயாடவில்லை. முதற்பிரதி மட்டும் இன்னும் அவர் நெஞ்சுக்கு நேராகவே இருந்தது. எனக்குச் சந்தோஷம். மறைப்பானேன், அவ்வளவு சந்தோஷம் என் வாழ்நாளில் வந்ததில்லை.

முடிந்ததும் அவர் எழுந்து என் பக்கத்தில் வந்தார். கத்துவார் என்று நினைத்தேன். மெல்லத்தான் கேட்டார்.

"முதல் உருண்டைய யாரு குடுத்தா? அது எத்தனாம் பக்கம்?"

அவர் படி இறங்கிப் போய்விட்டார்.

அது எந்தப் பக்கத்திலும் இல்லை. பொங்கலன்று காலையில், விருந்தாளிகள் வருமுன், பானையிலிருந்து ஒரு பிடி எடுத்து உருட்டி ஆறவைத்துச் செம்பட்டைக்குக் கொடுத்தது நான். லயத்தில் எங்கள் மாட்டுக்கு அப்படித்தான் முதல் கவளம் கொடுப்போம். என் உயிரான குதிரைக்குக் கொடுக்காமல் எப்படி என்று நினைத்தேன். அது வரை அது சோற்றைத் தொட்டதில்லை. என் கை என்பதால் வாங்கிக்கொண்டது. முதலாளி அப்போதுதான் அந்தப் பக்கமாக வந்தார். குதிரை பொங்கல் திங்குமா என்று கண்ணை விரித்துக் கேட்டார். திங்கும் முதலாளி என்று பெருமையாகச் சொன்னேன். பேசின்கள் அதற்குப் பிறகுதான் வந்தன.

ஒரு பிடி குதிரையைக் கொல்லாது. ஆனால் அந்த ருசியைக் காட்டிக் கொடுத்தது என் கை. எல்லாம் தெரிந்தவள் மாதிரி எழுதிய புத்தகத்தில் அதை மட்டும் விழுங்கிவிட்டேன். ஒரு மாதம் அந்தப் புத்தகத்தைத் தொடவே எனக்குப் பிடிக்கவில்லை. செம்பட்டை தோளை இடித்துக்கொண்டே நிற்கிற மாதிரி இருந்தது.

பிரதிகள் தீர்ந்து மறுபதிப்பு வந்தபோது, எழுபத்திரண்டாம் பக்கத்தில் இருந்த படத்தை எடுத்துவிட்டு அந்த உருண்டையைப் பற்றி எழுதிக் கொடுத்தேன். நானா வாசித்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றினார்.

"ஒங்கள நீங்களே காட்டிக் குடுக்கிறதா புள்ள? இது என்னத்துக்கு?"

"அவருக்குப் பேச மிச்சம் ஒன்னும் இருக்கக் கூடாது நானா," என்றேன்.

செம்பட்டைக்காகவும்தான். ஆனால் நானாவிடம் அதைச் சொல்லவில்லை. இப்போது புத்தகத்தைத் திறந்தால் இடது பக்கம் நான், வலது பக்கம் அவர். மறுபதிப்பில் ஒரு பிரதியைப் பதிவுத் தபாலில் அவருக்கு அனுப்பினேன். ஏற்க மறுத்துவிட்டதாகத் தபால்காரர் திருப்பிக் கொண்டுவந்தார். பிரிக்காமல் அப்படியே வைத்திருக்கிறேன்.

போன மாதம் மாத்தளையில் ஒரு கவிதைப் புத்தக வெளியீடு. முதற்பிரதி அவருக்கு என்று அழைப்பிதழில் பார்த்து, அந்தத் தபால் பொதியையும் எடுத்துக்கொண்டு போனேன். முன் வரிசையில் உட்கார்ந்து அதை மடியில் வைத்துக்கொண்டேன். பொன்னாடை போர்த்தினார்கள், புத்தகத்தை வாங்கினார், படம் எடுத்தார்கள். ஒலிவாங்கிக்கு வந்தவர் என்னைப் பார்த்தார், பிறகு என் மடியைப் பார்த்தார்.

"நான் இத இன்னும் படிக்கலிங்க," என்று சொல்லிவிட்டு இறங்கிவிட்டார்.