எதிரெதிரே இரண்டு டேப் ரிக்கார்டர்

பெங்களூரில் வேலை பார்க்கும் மகன் போன மாதம் வந்தபோது, என் போனில் ஒரு ஆப்பை ஏற்றி, தடித்த ஹெட்போன் ஒன்றையும் வாங்கிக் கொடுத்தான். "லாஸ்லெஸ்ப்பா. ஸ்டுடியோல பாடுனது அப்படியே இருக்கும், ஒண்ணும் விட்டுப்போகாது" என்றான். காலேஜ் நாளிலிருந்து நான் கிறுக்குப் பிடித்துக் கேட்ட அந்த ராக் பாடகரின் ஆல்பங்கள் எல்லாம் அதில் இருந்தன.

தெரு முழுக்க விசைத்தறி அடித்துக்கொண்டிருக்க, முதல் ஆல்பத்திலிருந்து ஆரம்பித்தேன். வரி தொடங்குமுன் அவர் மூச்சிழுப்பது கேட்டது. யாரோ உட்கார்ந்திருந்த நாற்காலி கிறீச்சிட்டது. 'இதைக் கேட்டியா' என்று சொல்லத்தான் வீட்டில் ஆளில்லை. மனைவி போன வருஷம் ஆடித்தபசுத் திருவிழா முடிந்த கையோடு போய்ச் சேர்ந்துவிட்டாள்.

ஒரு ஆல்பத்தை மட்டும் தொடாமல் தள்ளிப்போட்டேன். கல்யாணமான புதிதில் நண்பனிடம் இரவல் வாங்கிய கேசட் அது. மறுநாளே திருப்பித் தரவேண்டும். இரண்டு டேப் ரிக்கார்டரை எதிரெதிரே தரையில் வைத்து, ஜன்னலைச் சாத்தி, ஒன்றைப் பாடவிட்டு மற்றதில் பதிந்தேன். அப்போது எங்கள் ஊரில் பாதிப் பேர் இப்படித்தான் பதிந்தோம். 'மூச்சு விடக்கூடாது' என்று அவளிடம் பெரிய உத்தரவு வேறு. மூன்றாவது பாட்டின் நடுவே அடுப்படியிலிருந்து ஒரு கத்தல்:

"ஏங்க, அந்த மனுசனக் கொஞ்சம் சும்மா இருக்கச் சொல்லுங்க! குக்கர் விசிலு கேக்கமாட்டேங்கு!"

அதுவும் பதிந்துவிட்டது. அன்று எரிச்சல்பட்டேன். பிறகு அந்த இடம் வரும்போதெல்லாம் இருவரும் சிரிப்போம். கேசட் பூஞ்சை பிடித்து அறுந்து எத்தனையோ வருஷமாகிறது. அவளுடைய அந்த வயதுக் குரல் வேறெதிலும் இல்லை.

வெளிநாட்டு ஸ்டுடியோவில் அவள் எப்படி இருப்பாள்? நான் ஒன்றும் முட்டாள் இல்லை. ஆனாலும் ஞாயிற்றுக்கிழமை தறிகள் ஓய்ந்த மதியத்தில் அந்தப் பாட்டைப் போட்டேன். அந்த இடம் வந்தது. அங்கே ஒரு கிட்டார் மெதுவாக இறங்கி வந்தது. அப்படி ஒன்று இருப்பதே எனக்கு இதுவரை தெரியாது. மிக அழகாக இருந்தது. எனக்கு அது வேண்டியிருக்கவில்லை.

சாயங்காலம் மகன் கூப்பிட்டான். "எப்படிப்பா இருக்கு? எல்லாம் சுத்தமா கேக்குதா?"

"எல்லாம் கேக்குதுலே. உங்க அம்மாதான் இல்ல" என்றேன்.

அவன் போனை வைக்கவில்லை.